பலூனைச் சுட்ட வேட்டைக்காரர்

ஆசிரியருக்கு வணக்கம்.

ஞாயிறு இணைப்பில் வந்த மௌனப்படக் கட்டுரையில் சாப்ளினுக்கே முக்கால் பக்கம் போய்விட்டது. சரி, அதற்காக இன்னொரு மௌனப்பட நகைச்சுவை நடிகரான பஸ்டர் கீட்டனின் ‘தி பலூனாட்டிக்’ படத்தை (1923) விட்டுவிடலாமா? அமெரிக்க நாட்டுப்புறத்தில் துப்பாக்கி, மீன்பிடி, தோணி என்றால் அப்பன் மகனுக்குக் கற்றுத்தரும் வித்தை, மாலையில் நாலு பேர் கூடி அளந்துவிடும் வீரக்கதையும் அதுதான். அந்தப் பெருமையைத்தான் கீட்டன் கிண்டலடிக்கிறார். பலூனில் பறக்கும்போதே பறவையைச் சுடப்போய் அந்தப் பலூனையே பொத்தலாக்கிக் காட்டில் விழுகிறார், அப்புறம் ஒரு கரடியைத் துப்பாக்கிக் கட்டையால் அடிக்க, குண்டு தானாக வெடித்துப் பின்னால் வந்த இன்னொரு கரடி சாய்கிறது, அவருக்கு அது தெரியக்கூடத் தெரியாது! காட்டில் சமாளிக்கத் தெரிந்தவர் நாயகி பிலிஸ் ஹேவர்தான். இருபது நிமிடத்துக்குச் சற்றே மேல்தான் படம். அடுத்த வாரம் நாலு வரியாவது எழுதுங்கள்.

இப்படிக்கு,
ஒரு பழைய வாசகர்