கந்தலில் பிழைத்த ஊரிலிருந்து அப்பாவுக்கு

பிராத்தோ, இத்தாலி
16.11.2025, ஞாயிற்றுக்கிழமை

அன்புள்ள அப்பாவுக்கு,

நான் இங்கே நலமாக இருக்கிறேன். நீங்களும் அம்மாவும் தம்பி குடும்பத்தாரும் நலமாக இருப்பீர்கள் என்று நம்புகிறேன். போன வாரம் தொலைபேசியில், "அந்த ஊரில் தறி ஓடுகிறதா, இல்லை எல்லாவற்றையும் சீனாக்காரனிடம் விட்டுவிட்டார்களா?" என்று கேட்டீர்கள். ஷிப்டுக்குக் கிளம்பிக்கொண்டிருந்த நான், "ஓடுகிறது" என்ற ஒரு சொல்லோடு நிறுத்திக்கொண்டேன். பங்குனியில் நடந்த கூலிப் போராட்டத்துக்குப் பிறகும் சோமனூரில் தறிக்குப் பாவு சரிவரக் கிடைப்பதில்லை என்பதையும், நம் எட்டுத் தறிகளையும் எடைக்குப் போட்டுவிடலாமா என்ற யோசனையில்தான் அப்படிக் கேட்டீர்கள் என்பதையும் தம்பி பிறகு சொன்னான். ஒற்றைச் சொல்லில் பதில் சொல்லக்கூடிய கேள்வி அல்ல அது. மூன்று வருடங்களாக இந்த ஊரின் கம்பளித் தொழிலுக்குள் இருந்து நான் பார்த்ததையெல்லாம் எழுதுகிறேன், படித்துவிட்டு முடிவெடுங்கள்.

பிராத்தோ, புளோரன்ஸ் நகரத்துக்கு வடமேற்கே இருபது கிலோமீட்டர் தள்ளி, பிசென்சியோ ஆற்றங்கரையில் இருக்கிறது. துணியைத் தண்ணீரில் மிதித்து இறுக்கும் ஆலைகளை ஓட்டுவதற்காக எண்ணூறு, தொள்ளாயிரம் வருடங்களுக்கு முன்பே ஆற்றிலிருந்து வாய்க்கால் வெட்டிக் கொண்டுவந்தவர்கள் இந்த ஊர்க்காரர்கள். ஊர் நடுவில் பிரான்செஸ்கோ தாத்தினி என்ற வியாபாரிக்குச் சிலை வைத்திருக்கிறார்கள். 1410இல் இறந்த அவர் தம் சொத்தை ஊர் ஏழைகளுக்கு எழுதி வைத்தார். அவருக்கு வந்த வியாபாரக் கடிதங்கள் ஏறத்தாழ ஒன்றரை லட்சம் இன்றும் காப்பகத்தில் இருக்கின்றன. கம்பளி எந்தத் துறைமுகத்தில் என்ன விலை, சாயப்பொருள் எங்கே கிடைக்கிறது என்ற செய்திகள்தாம் அவற்றில் பெரும்பகுதி. நம் ஊரில் நூல் விலை பேசாமல் எந்த வீட்டிலும் பொழுது விடிவதில்லையே, அதைப் போலத்தான் இங்கேயும் பல தலைமுறைகள் கழிந்திருக்கின்றன.

ஆனாலும் இந்த ஊரை உலகத்துக்குத் தெரியவைத்தது புதுக் கம்பளி அன்று, கந்தல். கிழிந்த கம்பளித் துணியைத் திரும்பவும் பஞ்சாக்கி நூற்கும் வித்தையை 1813இல் இங்கிலாந்தில் பேட்லி என்ற ஊரில் கண்டுபிடித்தார்கள். பத்தொன்பதாம் நூற்றாண்டில் அது இங்கே வந்து சேர்ந்தது. இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு அமெரிக்காவிலிருந்தும் மற்ற நாடுகளிலிருந்தும் பழைய உடைகள் பேல் பேலாகக் கப்பலில் வந்து இறங்கின. கந்தலை இவர்கள் 'சென்ச்சி' என்பார்கள். நான் வந்த புதிதில் எட்டு மாதம் வேலை பார்த்தது அப்படி ஒரு கந்தல் கிடங்கில்தான். அங்கே எனக்குத் தொழில் சொல்லிக்கொடுத்த பெரியவருக்கு எழுபது வயதைத் தாண்டியிருக்கும். பழைய சட்டை ஒன்றைக் கையில் எடுத்தால், கட்டைவிரலுக்கும் ஆள்காட்டி விரலுக்கும் நடுவே ஒரு முறை தேய்த்துப் பார்த்து, மெரினோவா, காஷ்மீரா, நைலான் கலந்ததா என்று சொல்லிவிடுவார். சந்தேகம் வந்தால் ஓர் இழையை உருவித் தீக்குச்சியில் பொசுக்கி முகர்ந்து பார்ப்பார். முடி கருகும் வாடை வந்தால் கம்பளி. நீங்கள் கோன் வந்ததும் நூலைப் பிய்த்துக் கொளுத்தி, பாலியஸ்டர் கலந்திருக்கிறதா என்று பார்ப்பீர்களே, முதல் நாள் அவர் அப்படிச் செய்தபோது எனக்கு நம் வீட்டுத் தறிக்குடோனின் நினைவு வந்து கண் நிறைந்துவிட்டது.

பொத்தான், ஜிப்பு, உள்துணி எல்லாவற்றையும் வெட்டி நீக்கிவிட்டு, கந்தலை நிறம் நிறமாகப் பிரிக்க வேண்டும். சிவப்பு என்று ஒரே குவியல் போட்டால் போதாது. செங்கல் நிறம், மாதுளை நிறம், குங்கும நிறம் எல்லாம் தனித்தனி. இப்படிப் பிரித்தால்தான் நூலுக்கு மறுபடி சாயம் போட வேண்டியதில்லை. இரண்டு மூன்று நிறப் பஞ்சைக் கணக்காகக் கலந்தே வேண்டிய நிறத்தை வரவழைக்கிறார்கள். பருத்தி கலந்திருந்தால் அமிலத்தில் நனைத்துச் சூடேற்றுகிறார்கள். பருத்தி கரியாகி உதிர்ந்துவிடும், கம்பளிக்கு ஒன்றும் ஆகாது. அதன் பிறகுதான் கிழித்துப் பஞ்சாக்குவதும், அந்தப் பஞ்சைச் சீவும் கார்டிங்கும், நூற்பும். திருப்பூர் பனியன் கம்பெனிகளின் கட்டிங் வேஸ்ட்டை நிறம் பிரித்து, நம் பக்கத்து ஓ.இ. (ஓபன் எண்ட் முறையில் நூற்கும்) மில்களில் கலர் நூல் ஓட்டுகிறார்கள் அல்லவா? அதே வேலையைத்தான் இவர்கள் கம்பளியில் நூறு வருடங்களுக்கு மேலாகச் செய்கிறார்கள். பிராத்தோ வணிகச் சபை இதற்கென்றே ஒரு முத்திரையை உருவாக்கியது. துணி இந்த வட்டாரத்திலேயே தயாராகி, அதில் குறைந்தது 65 சதவீதம் மறுசுழற்சிப் பஞ்சு இருந்தால்தான் அந்த முத்திரை கிடைக்கும். நாம் ஓ.இ. நூலை ஏதோ இரண்டாம் தரம் என்று வெட்கப்பட்டுக்கொண்டு விற்கிறோம். இவர்கள் அதே குணத்தைப் பெருமையாகச் சொல்லி, அதற்கென்று ஒரு விலையையும் வாங்கிவிடுகிறார்கள். அந்தப் பேச்சுத் திறமை நமக்கு இல்லையே என்ற ஆதங்கம் எனக்கு உண்டு.

உங்களுக்கு வியப்பளிக்கக்கூடிய செய்தி இன்னொன்று. இங்கேயும் கூலிக்கு நெசவுதான். 1950களில் பெரிய மில்கள் நெருக்கடியில் உடைந்தபோது, தறிகள் தொழிலாளர்கள் கைக்கே போய்ச் சேர்ந்தன. வீட்டை ஒட்டிய கொட்டகையில் இரண்டு தறி, நான்கு தறி என்று போட்டுக்கொண்டு குடும்பமே உழைத்தது. நம் ஊரில் ஜவுளி உற்பத்தியாளர் பாவும் ஊடையும் கொடுத்துத் துணியை வாங்கிக்கொள்வதைப் போல, இங்கே 'இம்பன்னத்தோரே' என்று ஒருவர் இருப்பார். அவரிடம் தறி கிடையாது. ஆர்டரைப் பிடித்து, நூற்பை ஒருவரிடமும் பாவு ஓட்டும் வார்ப்பிங்கை இன்னொருவரிடமும் நெசவை வேறொருவரிடமும் கொடுத்து, சாயப்பட்டறைக்கும் பினிஷிங்குக்கும் அனுப்பித் துணியை முடிப்பார். எல்லாம் பத்துப் பதினைந்து கிலோமீட்டருக்குள் நடந்துவிடும். காலையில் கேட்ட மாதிரித் துணி சில நாளில் கைக்கு வந்துவிடும் என்பதால்தான் பாரிஸ், மிலான் வடிவமைப்பாளர்கள் இன்னும் இந்த ஊரைத் தேடி வருகிறார்கள்.

இனி, நீங்கள் கேட்ட சீனாக்காரர் கதைக்கு வருகிறேன். ஒரு நாடு இன்னொரு நாட்டுக்கு இவ்வளவு ஜவுளிதான் அனுப்பலாம் என்று வரம்பு வைத்த கோட்டா முறை 2005 ஜனவரி 1 அன்று முடிவுக்கு வந்தது. அதே வருடம் கோடிக்கணக்கான சீன ஆடைகள் ஐரோப்பியத் துறைமுகங்களில் தேங்கி நின்று பெரிய தகராறு ஆனது. 2000க்குப் பிந்தைய பத்து வருடங்களில் பிராத்தோவின் ஜவுளிப் பட்டறைகளில் ஏறத்தாழப் பாதி மூடிவிட்டன. 2009 பிப்ரவரியில் முதலாளி, தொழிலாளி, வியாபாரி என்ற பேதமில்லாமல் ஊரே தெருவில் இறங்கி, "பிராத்தோ மூடப்படக் கூடாது" என்று துணியில் எழுதிப் பிடித்துக்கொண்டு ஊர்வலம் போயிருக்கிறது. அந்தப் படத்தைப் பெரியவர் இன்றும் வீட்டில் மாட்டி வைத்திருக்கிறார்.

ஆனால் சீனாவிலிருந்து வந்த துணி ஒன்று, சீனாவிலிருந்து வந்த மனிதர்கள் வேறொன்று, இரண்டையும் கலக்கக் கூடாது. 1990களிலிருந்து வென்சோ பகுதியிலிருந்து வந்தவர்கள் காலியான நெசவுக் கொட்டகைகளை வாடகைக்குப் பிடித்துத் தையல் பட்டறைகள் போட்டார்கள். பிராத்தோவின் நெசவை அவர்கள் பறித்துக்கொள்ளவில்லை. மலிவுத் துணியை வெளியிலிருந்து வரவழைத்து அவசர அவசரமாக ஆடை தைப்பது வேறு தொழில். அந்தப் பட்டறைகளுக்குள் நடந்தது கொடுமை. 2013 டிசம்பர் 1 அன்று ஒரு பட்டறை தீப்பிடித்து ஏழு தொழிலாளர்கள் இறந்தார்கள். வேலை செய்த கொட்டகைக்குள்ளேயே அட்டை மறைப்பு வைத்துப் படுத்திருந்தவர்கள் அவர்கள். இப்போது அப்படிப்பட்ட பட்டறைகளில் பாகிஸ்தானியரும் வங்கதேசத்தவரும் அதிகம். "எட்டு மணி நேரம், ஐந்து நாள்" என்பதைக் கோரிக்கையாக வைத்து அவர்கள் வாசலில் உட்கார்ந்து போராடுகிறார்கள். சட்டத்தில் ஏற்கெனவே எழுதியிருப்பதைக் கேட்டுப் போராட வேண்டியிருக்கிறது. இத்தாலியர் நடத்தும் மில்களிலும் ஆபத்து இல்லாமல் இல்லை. 2021 மே மாதம் பக்கத்து மொன்தெமுர்லோவில் ஓர் இளம் தாய் வார்ப்பிங் இயந்திரத்தில் சிக்கி இறந்துபோனார். அதைக் கேட்ட நாளிலிருந்து, நம் பாவு ஓட்டும் அக்காமார்கள் சேலைத் தலைப்பைச் செருகிக்கொண்டார்களா என்று அம்மா ஓயாமல் சத்தம் போடுவதன் அருமை எனக்குப் புரிகிறது.

நான் இப்போது கிடங்கை விட்டு நெசவுக்கு மாறிவிட்டேன். நாடா இல்லாமல் கம்பியால் ஊடையைக் கொண்டுபோகும் ராப்பியர் தறிகள் எட்டு என் பொறுப்பு. நம் நாடாத் தறி நிமிடத்துக்கு நூற்றுச்சொச்சம் ஊடை போடும். இவை முன்னூறுக்கு மேல் போடுகின்றன. தறி செய்யும் கண்டம் என்ற பெயரை ஐரோப்பா இன்னும் இழக்கவில்லை. பெல்ஜியத்தின் பிகானோலும் பெர்காமோ பக்கத்து இத்தேமாவும் இன்றும் உலகத்துக்குத் தறி விற்கின்றன. பல்லடம் பக்கம் இறக்குமதியான பழைய சல்சர் தறிகளும் இங்கே மூடிய மில்களிலிருந்து கழற்றப்பட்டவைதாமே. ஐரோப்பிய ஒன்றியம் முழுவதும் இந்தத் தொழிலில் இன்னும் ஏறத்தாழ 13 லட்சம் பேர் இருக்கிறார்கள். ஆகவே செத்துவிட்டது என்று சொல்பவர் அறியாமல் சொல்கிறார்.

ஆனால் நோய் இருக்கிறது. சாயப்பட்டறையும் பினிஷிங்கும் நீராவியை நம்பி ஓடுபவை. நீராவிக்கு எரிவாயு வேண்டும். ஒரு மெகாவாட் மணிக்கு இருபது யூரோ அளவில் இருந்த எரிவாயு, உக்ரைன் போருக்குப் பிறகு 2022 ஆகஸ்டில் முன்னூறையும் தாண்டியது. கொதிகலனைப் பற்றவைத்தால் நட்டம், அணைத்தால் ஆர்டர் போய்விடும் என்று முதலாளிகள் தவித்ததை நேரில் பார்த்தேன். அடுத்த வருடம் நவம்பர் 2 இரவு பெய்த மழையில் வெள்ளம் புகுந்து, கிடங்குகளில் கந்தலும் நூலும் சேற்றில் ஊறின. இதற்கிடையே மக்களோ கைப்பேசியில் சட்டை வாங்குகிறார்கள். 150 யூரோவுக்கு உட்பட்ட பார்சலுக்குச் சுங்கவரி இல்லாததால் 2024இல் மட்டும் 460 கோடி பார்சல்கள் ஒன்றியத்துக்குள் வந்தன. பத்தில் ஒன்பது சீனாவிலிருந்து. அந்தச் சலுகையை நீக்க ஒன்றியத்து நிதியமைச்சர்கள் இந்த மாதம்தான் ஒப்புக்கொண்டார்கள். இந்த வருடம் ஜனவரியிலிருந்து ஒன்றியம் முழுவதும் பழைய துணியைக் குப்பையிலிருந்து தனியே பிரித்துச் சேகரிக்க வேண்டும் என்று சட்டம் வந்துவிட்டது. கந்தலுக்குப் பஞ்சமில்லை, ஆனால் வருவதெல்லாம் இரண்டு முறை துவைத்தால் சாயம் போகும் பாலியஸ்டர். பெரியவர் விரலில் தேய்த்துப் பார்த்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் ஒதுக்கி வைக்கிறார்.

அப்பா, இதையெல்லாம்விட நான் பயப்படுவது வேறொன்றுக்கு. எங்களுக்கு நூல் கொடுத்துக்கொண்டிருந்த சிறிய நூற்பாலை ஒன்று போன மார்ச்சில் மூடிவிட்டது. நட்டத்தில் மூடவில்லை. முதலாளிக்கு வயதாகிவிட்டது, பிள்ளைகள் வேறு வேலைக்குப் போய்விட்டார்கள், கார்டிங் தெரிந்த ஆள் கிடைக்கவில்லை. அந்த நூல் நின்றதும் எங்கள் கொட்டகையில் இரண்டு தறி ஒரு மாதம் சும்மா நின்றன. எங்களிடம் வரும் துணியை நம்பியிருந்த பினிஷிங் பட்டறையும் ஒரு ஷிப்டைக் குறைத்தது. கூட்டாகப் பிழைக்கும் ஊரில் ஒருவர் கதவை மூடினால் அந்தக் குளிர் எல்லா வீட்டுக்கும் வருகிறது. என்னோடு வேலை செய்யும் பதினோரு பேரில் ஏழு பேர் ஐம்பதைத் தாண்டியவர்கள்.

இவர்கள் சேர்ந்து கட்டிய ஒன்றையும் சொல்ல வேண்டும். சாயக்கழிவு நீரை ஆளாளுக்கு ஆற்றில் விடாமல், 1980களிலேயே ஊருக்குப் பொதுவாகப் பெரிய சுத்திகரிப்பு நிலையம் அமைத்து, சுத்தம் செய்த நீரில் ஒரு பகுதியைக் குழாய் வழியாகத் திரும்பவும் ஆலைகளுக்கே அனுப்புகிறார்கள். நொய்யலும் ஒரத்துப்பாளையமும் கெட்டு, 2011இல் நீதிமன்றம் திருப்பூர்ச் சாயப்பட்டறைகளை மூடச் சொன்ன பிறகல்லவா நாம் விழித்தோம்.

தறியை எடைக்குப் போடுவது பற்றி ஒரு செய்தி. 1959இல் பிரிட்டன் அரசாங்கம் சட்டம் போட்டு, லங்காஷயரில் நூற்புக் கதிர்களையும் தறிகளையும் உடைத்தால் பணம் தருவோம் என்றது. உடைத்தார்கள். மீதமுள்ளவை நன்றாக ஓடும் என்று எண்ணினார்கள், அப்படி நடக்கவில்லை. தறியோடு சேர்ந்து மெக்கானிக்கும் பாவு பிணைப்பவரும் சைசிங்காரரும் கலைந்துவிட்டால், பிறகு பணம் வந்தாலும் அவர்களைக் கூட்ட முடியாது. அதனால் என் எண்ணம் இது: நான்கு தறியைக் கொடுத்துவிடுங்கள். அந்த இரும்புக் காசோடு நான் இந்த மாதம் அனுப்பும் இரண்டு லட்சத்தையும் சேர்த்து, மீதி நான்கில் வெளுக்காத காடாத் துணியை விட்டுவிட்டு ஓ.இ. கலர் நூலில் கனத்த துணி ஓட்டிப் பார்க்கலாம். பாவு பிணைக்கும் மாமாவை மட்டும் வேறு எங்கும் போக விடாதீர்கள். வேலை இல்லாத வாரத்துக்கும் பாதிக் கூலி கொடுத்து வைத்துக்கொள்ளுங்கள், அதை நான் அனுப்புகிறேன்.

தம்பியிடம் சொல்லி, கட்டிங் வேஸ்ட்டில் ஓட்டிய பத்தாம் நம்பர் நூல் இரண்டு கோன், சாயம் போடாத நிறத்திலேயே, பார்சலில் அனுப்பச் சொல்லுங்கள். பெரியவரிடம் காட்டுவதாகச் சொல்லியிருக்கிறேன். அவர் ஏற்கெனவே இரண்டு முறை கேட்டுவிட்டார். கார்த்திகை பிறக்கப் போகிறது, பனியில் விடியற்காலை ஷிப்டு பார்க்காதீர்கள். அம்மாவுக்கு என் அன்பைச் சொல்லுங்கள்.

தங்கள் அன்பு மகன்