ஹரியானாவில் நட்டால் நிக்கோபார் பறவைக்கு என்ன லாபம்?

ஆசிரியருக்கு,

அந்தமான் நிக்கோபாரின் தென்கோடியில் உள்ள கிரேட் நிக்கோபார் தீவின் துறைமுகத் திட்டம் பற்றிய உங்கள் கட்டுரை படித்தேன். கப்பல், விமான நிலையம், புதிய நகரம், ரூ.72,000 கோடி என எல்லாம் விரிவாக இருந்தது. காட்டுக்கு மட்டும் ஒரே வரி: வெட்டும் மரங்களுக்கு ஈடாக மரம் நடப்படும். எங்கே என்பதையும் போட்டிருக்கலாம். ஹரியானாவில்!

1969-லிருந்து முன்னாள் ராணுவத்தினரை அரசு அந்தத் தீவில் குடியேற்றியது. அப்படிப் போனவர் என் சித்தப்பா. சுனாமிக்கு முன் ஒருமுறை அங்கே காம்ப்பெல் பே என்ற ஊரில் அவர் வீட்டுக்குப் போயிருந்தேன். கடற்கரையை ஒட்டிய காட்டில் இடுப்பளவு உயரத்தில் ஒரு மண்மேடு. யாரோ குப்பை கொட்டியிருக்கிறார்கள் என்று நினைத்தேன். "கையை விட்டுப் பாருடா" என்றார். உள்ளே வெதுவெதுப்பு. நிக்கோபார் மெகபோட் என்ற பறவை காலால் மணலையும் சருகையும் வாரிக் குவித்த கூடு அது. கோழி அளவுதான் இருக்கும். முட்டையை அதற்குள் புதைத்துவிடும், அடைகாப்பதில்லை. சருகு மட்கும் சூட்டில் குஞ்சு பொரிந்து, தானே மண்ணைக் கிளறி வெளியே வரும். மணலும் காடும் சேருகிற அந்த ஓரம்தான் அதற்கு வேண்டும். நிக்கோபார் தீவுகளைத் தவிர உலகில் வேறெங்கும் இந்தப் பறவை கிடையாது. 2004 சுனாமி அந்த மேடுகளில் பெரும்பகுதியை அடித்துக்கொண்டு போனது. மிச்சம் இருப்பதற்கு இப்போது புல்டோசர்.

திட்டத்துக்காகக் கொடுக்கப்படும் காடு சுமார் 130 சதுர கிலோமீட்டர். மரக்கணக்கை முதலில் எட்டரை லட்சம் என்றார்கள், அப்புறம் 9.64 லட்சம். துறைமுகம் வருகிற கலத்தியா விரிகுடாவில்தான் தோல்முதுகுக் கடலாமைகள் கரையேறி முட்டையிடுகின்றன. அங்கே 1997-ல் அறிவித்த சரணாலயத்தை 2021-ல் ரத்து செய்துவிட்டு, பக்கத்தில் லிட்டில் நிக்கோபாரில் ஆமைக்கும், ஒன்றரை சதுர கிலோமீட்டர்கூட இல்லாத மெஞ்சல் தீவில் மெகபோட்டுக்கும் புதுச் சரணாலயம் என்கிறார்கள். ஆமைக்கு முகவரி மாற்றம் தெரிவித்துத் தபால் போடுவார்களோ என்னவோ.

நான் துறைமுகத்துக்கு எதிரி இல்லை. முப்பது வருடம் துறைமுகத்தை நம்பிப் பிழைத்தவன். ஆனால் அந்த விரிகுடாவை விட்டால் வேறு இடமே இல்லையா என்ற கேள்வியை உங்கள் கட்டுரை கேட்கவே இல்லை.

அடுத்த முறை எழுதும்போது நிருபரை அங்கேயே அனுப்புங்கள். தமிழ் பேசும் வீடுகள் இருக்கின்றன, மொழிக்குக் கவலை வேண்டாம்.

ஒரு வாசகர்,
தூத்துக்குடி