காமினியின் மூன்று படங்கள்: சிவத்துக்கு ஒரு கடிதம்

அன்புள்ள சிவம்,

உன் கடிதம் நேற்றுத்தான் வந்து சேர்ந்தது. வாசகசாலையில் சிங்கள நடிகர் காமினி பொன்சேகாவின் படங்கள் மூன்றைப் போடப் போகிறீர்கள் என்று அறிந்து சந்தோஷம். ஒன்று மட்டும் கேள்: பொடியளுக்கு அவரைச் சிங்களத்து எம்.ஜி.ஆர். என்று அறிமுகம் செய்துவிடாதே. அப்படிச் சொன்னால் அடிதடியை எதிர்பார்த்து உட்காருவார்கள். அதற்கு 1965இல் வந்த ‘சண்டியா’ போதும், இந்த மூன்றும் தேவையில்லை.

அவர் சினிமாவுக்குள் நுழைந்தது நடிகராக அல்ல, கமரா உதவியாளராக. இயக்குநர் லெஸ்டர் ஜேம்ஸ் பீரிஸின் ‘ரேகாவ’ படம் 1956இல் ஸ்டூடியோவை விட்டு வெளியே வந்து எடுக்கப்பட்டபோது இருபது வயதுக் காமினி அந்தக் குழுவில் இருந்தார். கமராவுக்குப் பின்னால் நிற்பவன் முதலில் படிப்பது தூரம். 50 மி.மீ. லென்ஸைப் போட்டு, வெளிச்சம் நுழையும் லென்ஸ் துவாரத்தை 2.8 என்ற அளவில் வைத்து, ஆறடியில் ஒரு முகத்தை எடுத்தால் தெளிவாக விழும் ஆழம் மொத்தமே ஏழெட்டு அங்குலம். நடிகர் உணர்ச்சிவசப்பட்டு நாலு அங்குலம் முன்னால் சரிந்தாலும் கண் மங்கிவிடும். மேடையிலிருந்து வந்தவர்கள் பலர் இதில்தான் தடுக்கினார்கள். காமினியைக் கவனித்துப் பார், கோபத்தில்கூட உடம்பு அசையாது, கண்ணும் தாடையும்தான் வேலை செய்யும். கமரா அருகே வேலை பார்த்த பழக்கம் அது என்பது என் எண்ணம்.

அவரிடம் கவனிக்க வேண்டிய இன்னொன்று, நாயகனாக உச்சிக்குப் போன கையோடு தோற்றுப்போகிற மனிதர்களாக நடிக்க ஒப்புக்கொண்ட துணிவு. 1962இல் திருகோணமலைக் கடலுக்கடியில் எடுத்த ‘ரன்முத்து தூவ’, சிங்களத்தின் முதல் முழுநீள வண்ணப்படம், அவரை நட்சத்திரமாக்கியது. அடுத்த வருடமே ‘கம்பெரலிய’வில் நொடித்துப்போகும் கணவன் ஜினதாஸ. 1966இல் தானே முதன்முதலாக இயக்கிய ‘பரசத்து மல்’லிலும் காதலன் வேடத்தை டோனி ரணசிங்கவுக்குக் கொடுத்துவிட்டு, சீரழிந்த ஊர்ப் பெரியவர் வேடத்தை எடுத்துக்கொண்டார். நம்மூர் நாயகர்கள் யார் இதைச் செய்வார்கள், சொல்லு?

முதல் நாள் ‘நிதானய’ போடு. புதையலுக்குப் பலிகொடுக்க, கழுத்தில் நான்கு மச்சம் உள்ள பெண்ணைத் தேடுகிறான் ஒருவன். கிடைத்தவளைக் கலியாணமும் செய்துகொள்கிறான். அவன் காமினி, அவள் மாலினி பொன்சேகா. மச்சத்தைக் கண்ட கணத்தில் காமினியின் முகத்தைப் பார்க்கச் சொல்லு. ஒளிப்பதிவு எம்.எஸ். ஆனந்தன். 2013இல் புதுப்பித்து வெனிஸில் காட்டிய பிரதி இருக்கிறது, அதையே தேடு. பழைய பிரதிகளில் இருட்டுக் காட்சிகள் எல்லாம் ஒரே கறுப்பாகக் கிடக்கும்.

இரண்டாவது ‘வெலிக்கத்தர’, 1971. டி.பி. நிகால்சிங்க இயக்கியது, சிங்களத்தின் முதல் சினிமாஸ்கோப், அதாவது அகலத்திரைப் படம். யாழ்ப்பாணக் குடாநாட்டு மணல்வெளியில் காமினி பொலிஸ் அதிகாரி, ஜோ அபேவிக்கிரம கடத்தல் முதலாளி. ஸ்கோப் லென்ஸ் அகலத்தைப் பாதியாக நெருக்கிப் பிலிமில் ஏற்றும். காட்டும்போது எதிர் லென்ஸ் அதை விரிக்கவேண்டும். விரிக்காமல் பதிந்த பிரதியில் எல்லோரும் பனைமரம் மாதிரி நீண்டு நிற்பார்கள். தொலைக்காட்சிக்காக ஓரத்தை வெட்டிய பிரதி அதைவிட மோசம்: இருவர் திரையின் இரு கரையிலும் நின்று முறைக்கிற காட்சியில் நடுவில் உள்ள மணல் மட்டும் மிஞ்சும். மேலும் கீழும் கறுப்புப் பட்டை விழுகிறதா, முகம் வட்டமாக இருக்கிறதா என்று முதல் பத்து நிமிடத்தையும் முன்கூட்டியே போட்டுப் பார். ஆரம்பகால ஸ்கோப் லென்ஸ்கள் கிட்டப் போனால் முகத்தைக் கூகைக்கட்டு வந்ததுபோல வீங்கக் காட்டும், அதற்கு மட்டும் பிரதியைக் குறை சொல்லாதே.

கடைசியாக ‘சருங்கலே’. சுனில் ஆரியரத்ன இயக்கியது, 1979. கொழும்பில் வேலை பார்க்கும் தமிழ் எழுதுவினைஞர் நடராஜாவாகக் காமினி. 1958இல் தமிழருக்கு எதிராக நடந்த கலவரம் மட்டுமல்ல, எங்கள் சாதித் திமிரும் படத்தில் வருகிறது. அதை வெட்டிப் போடச் சொல்லி யாரும் வந்தால் சம்மதிக்காதே.

காமினி பாராளுமன்றப் பிரதி சபாநாயகராக இருந்ததையும், 1995 முதல் 98 வரை வடக்கு கிழக்கு மாகாண ஆளுநராக அதே திருகோணமலைக்குத் திரும்பியதையும் அறிமுகத்தில் இரண்டு வரியில் சொன்னால் போதும்.

உங்கள் திரை எத்தனை அடி அகலம் என்று உடனே எழுது. 12 அடி என்றால் ஸ்கோப் படம் ஐந்தடிக்குச் சற்று மேல் உயரம்தான் வரும். கீழே ஓடும் எழுத்தை முன்னால் இருப்பவர்களின் தலை மறைக்கும். திரையைத் தரையிலிருந்து நாலடியாவது உயர்த்திக் கட்டச் சொல்லு.

அன்புடன்,
குமார்