முந்நூற்றுப் பதினாலு ரூபாய்

திருநெல்வேலி,
ஆனித் தேர் முடிந்த மறு ஞாயிறு, 2025

அன்புள்ள சேமியா,

போன வாரம் போனில் நான் உன்னிடம் பொய் சொல்லிவிட்டேன். "வீட்டு லோன் எடுத்து நாலு வருஷம் ஆச்சே, எப்படிலே இருக்கு?" என்று கேட்டாய். "அது பாட்டுக்குப் போகுது" என்றேன். அது பாட்டுக்குத்தான் போயிருக்கிறது. என் பாட்டுக்கு இல்லை. பக்கத்தில் அம்மா உட்கார்ந்திருந்தாள், அதனால் வாயைத் திறக்கவில்லை. அதற்குப் பிறகு ரெண்டு நாள் தூக்கம் சரியில்லை. நீ தாம்பரத்தில் ஃபிளாட் பார்த்து, சாங்ஷன் வரைக்கும் போய்விட்ட நேரத்தில் இதைச் சொல்லாமல் விட்டால் நான் என்ன கூட்டாளி? அதனால்தான் காகிதத்தை எடுத்தேன். வாட்ஸ்அப்பில் அனுப்பினால் நீ கட்டைவிரலைக் காட்டிவிட்டுப் போய்விடுவாய்.

முதலில் ஊர்ச் சேதி. அம்மாவுக்கு முட்டிவலிதான், வேறொன்றுமில்லை. மகள் பிளஸ் டூ. தேர் நல்லபடியாக நிலைக்கு வந்தது. இந்த வயதில் வடம் பிடிக்கப் போய், எனக்கு வலது தோள் இன்னும் தூக்க முடியவில்லை. குற்றாலத்தில் சாரல், ஜங்ஷன் வரைக்கும் காற்று வருகிறது. நம்ம கூட்டாளி 'தாத்தா' கடையை மறுபடி மாற்றிவிட்டான். மூன்றாவது தடவை. பந்தயத்தில் நீதான் ஜெயித்தாய், பரோட்டா பாக்கி என் கணக்கில்.

இனி விஷயம்.

வருமான வரிக்கு ஆடிட்டரிடம் போயிருந்தேன். "பழைய முறை, புது முறை ரெண்டுலயும் போட்டுப் பாத்துருவோம், வீட்டுக் கடன் வட்டி சர்டிபிகேட் கொண்டு வாங்க" என்றார். பேங்கில் வாங்கி வந்து மேஜையில் வைத்தேன். என் மகள் எடுத்துப் பார்த்துவிட்டு, "அப்பா, இதுல அசல்னு போட்டிருக்கிறது டைப்பிங் மிஸ்டேக்கா?" என்று கேட்டாள்.

மிஸ்டேக் இல்லை. 2024 ஏப்ரலில் இருந்து 2025 மார்ச் வரை நான் கட்டிய டியூ மொத்தம் 2,29,008 ரூபாய். அதில் வட்டி 2,24,694. அசலில் கழிந்தது 4,314. ஒரு வருஷம் முழுக்கச் சம்பளத்தில் பிடித்துக் கட்டியதில், ஒரு நல்ல மிக்ஸி விலை கூட அசலில் குறையவில்லை.

மறுநாள் லீவு போட்டுவிட்டுப் போய் முழு ஸ்டேட்மெண்டும் எடுத்தேன். 2023 ஏப்ரல் மாச வரியை நீ பார்க்க வேண்டுமே. டியூ 19,084. வட்டி 18,770. அசல் 314. முந்நூற்றுப் பதினாலு ரூபாய், சேமியா! நாமெல்லாம் ஒரு ஞாயிற்றுக்கிழமை மட்டன் எடுத்தால் அதைவிட அதிகம் ஆகும்.

நடந்தது இதுதான். 2021 ஜூனில் 25 லட்சம் வாங்கினேன், 20 வருஷத்துக்கு, வட்டி 6.8 சதவீதம். ரெப்போ, அதாவது ரிசர்வ் வங்கி பேங்குகளுக்குக் கடன் கொடுக்கும் வட்டி, அப்போது 4 சதவீதம், அதற்கு மேல் பேங்க் தன் பங்காக 2.8 வைத்திருந்தது. நம்ம மளிகைக்கடை அண்ணாச்சியிடம் சொன்னேன். அவர் மனசுக்குள்ளேயே பன்னிரண்டால் வகுத்து, "மாசம் நூத்துக்கு அம்பத்தேழு பைசா வட்டியா? கண்ண மூடிட்டு வாங்கும்வே" என்றார். இந்த ஊரில் ரெண்டு வட்டி, மூணு வட்டி என்று கேட்டுப் பழகிய காதுக்கு அது தேனாகத்தான் இருந்தது. நான் கண்ணை மூடிக்கொண்டுதான் வாங்கினேன். அப்புறம் நாலு வருஷம் திறக்கவே இல்லை.

2022 மே மாசம் ரிசர்வ் வங்கி வட்டியை ஏற்ற ஆரம்பித்தது. 2023 பிப்ரவரிக்குள் 4 என்பது 6.5 ஆகிவிட்டது. என் வட்டி 9.3, அதாவது முக்கால் வட்டிக்கு மேல். பேப்பரில் நானும் படித்தேன். ஆனால் என் டியூ அதே 19,084, அதே 5-ஆம் தேதி. தொகை மாறவில்லை, தேதி மாறவில்லை, அதனால் ஒன்றுமே மாறவில்லை என்று நினைத்துக்கொண்டேன். பேங்க் என்ன செய்தது தெரியுமா? டியூவைத் தொடாமல் வருஷத்தை நீட்டிவிட்டது. அந்த 2023 ஏப்ரல் கணக்குப்படி என் கடன் முடிய இன்னும் 44 வருஷம். எனக்கு 86 வயசு ஆகியிருக்கும். நெல்லையப்பரே வந்து ஜாமீன் போட்டால்தான் உண்டு.

இதில் நுணுக்கம் ஒன்றும் பெரிதாக இல்லை, நம் வட்டி வாத்தியார் கரும்பலகையில் போட்டதுதான். அன்றைக்கு மிச்சம் இருக்கிற அசல் முழுவதற்கும் ஒரு மாச வட்டி. டியூவில் அது முதலில் போகும். வட்டி முதல் பந்தி, அசல் கடைசிப் பந்தி. வட்டி கூடினால் முதல் பந்திக்குக் கூட்டம் கூடும், கடைசியில் உட்கார்ந்தவனுக்கு மோர்தான். முதல் மாசம் என் டியூவில் 4,917 ரூபாய் அசலுக்குப் போனது. ரெண்டே வருஷத்தில் அது 314 ஆனது.

பேங்க்காரர்களை மட்டும் திட்டிப் பிரயோஜனம் இல்லை. 2023 ஆகஸ்டில் ரிசர்வ் வங்கியே எல்லா பேங்குக்கும் உத்தரவு போட்டிருக்கிறது. வட்டி மாறும்போது கடன்காரனிடம் சொல்ல வேண்டும், டியூவைக் கூட்டவா வருஷத்தை நீட்டவா என்று கேட்க வேண்டும் என்று. எனக்கும் கடிதம் வந்ததாம். எப்போது? அந்த டிசம்பர் வெள்ளத்தை ஒட்டி. ஜங்ஷனில் படகு விட்ட வாரத்தில் எவன் தபாலைப் பிரித்தான்? கிரெடிட் கார்டு விளம்பரம் என்று நினைத்து, ஈரமான பேப்பரோடு சேர்த்துப் போட்டிருப்பேன். பதில் வராததால் வருஷத்தை நீட்டியபடியே விட்டுவிட்டார்கள்.

இப்போது வட்டி இறங்கியிருக்கிறது. இந்த 2025-ல் பிப்ரவரி, ஏப்ரல், ஜூன் என்று மூன்று தடவை குறைத்து ரெப்போ 5.5-க்கு வந்துவிட்டது, என் வட்டி 8.3. சந்தோஷம். ஆனால் கணக்கைப் பார். 48 மாசம் கட்டியிருக்கிறேன், மொத்தம் 9,16,032 ரூபாய். அசல் குறைந்தது 89 ஆயிரம். 20 வருஷக் கடனில் நாலு வருஷம் கட்டிய பிறகு மிச்சம் எவ்வளவு? 25 வருஷம்! 45 லட்சத்து 80 ஆயிரத்தில் முடியும் என்று நினைத்த வீடு, இப்படியே விட்டால் 66 லட்சத்துக்கு மேல் போகும்.

இதை என் வீட்டுக்காரியிடம் எப்படிச் சொல்வது என்று ரெண்டு நாள் குறுக்குத்துறைப் படிக்கட்டில் போய் உட்கார்ந்திருந்தேன். ஆற்றில் தண்ணீர் நன்றாகப் போகிறது, அதைச் சொல்ல மறந்துவிட்டேன். கடைசியில் சொன்னேன். திட்டுவாள் என்று பார்த்தால், "மாசம் எவ்வளவு கூடக் கட்டணும்?" என்றாள், அவ்வளவுதான். சீட்டு நோட்டை எடுத்துக்கொண்டு வந்து உட்கார்ந்துவிட்டாள்.

அடுத்த நாள் ரெண்டு பேருமாகப் போனோம். கவுண்டரில் ஒரு சின்னப் பெண், பொறுமையாகக் கணக்குப் போட்டுக் காட்டியது. நான் 60-ல் ரிட்டயர் ஆவதற்குள், அதாவது 16 வருஷத்தில் முடிக்க டியூ 22,726 கட்டினால் போதும். இப்போது கட்டுவதைவிட 3,642 ரூபாய் கூட. அதனால் மிச்சமாவது 13 லட்சத்து 60 ஆயிரம். நான் நம்பவில்லை, இன்னொரு தடவை போடச் சொன்னேன். அதே விடைதான். இன்னொன்றும் கேட்டேன்: டியூவைக் கூட்டாமல், இன்றைக்கு ஒரே ஒரு லட்சம் அசலில் கட்டினால்? 36 மாசம் குறைகிறது. போட்ட லட்சம் போக, ஆறு லட்சத்துக்குக் கொஞ்சம் குறைய வட்டி மிச்சம். நம் மாதிரி ஆட்கள் மாறும் வட்டியில் வாங்கிய வீட்டுக் கடனை முன்கூட்டிக் கட்டினால் அபராதம் வாங்கக் கூடாது என்று ரிசர்வ் வங்கி விதியே இருக்கிறது. நான் பாட்டுக்கு, முன்னாடி கட்டினால் ஃபைன் போடுவார்கள் என்று நினைத்து, வந்த போனஸை எல்லாம் ஃபிக்ஸட் டெபாசிட்டில் போட்டு வைத்திருந்தேன். நீ கட்டும்போது "வருஷத்தைக் குறையுங்கள், டியூவைக் குறைக்க வேண்டாம்" என்று எழுதிக் கொடு. வாயால் சொன்னது பேங்கில் நிற்காது.

ஆகஸ்ட் டியூ 22,726. எழுதிக் கொடுத்துவிட்டேன். கார்த்திகையில் சீட்டு விழுந்தால் அதுவும் அங்கேதான்.

இனி உன் கதைக்கு வருகிறேன். 50 லட்சம் ஃபிளாட், 40 லட்சம் கடன், 8 சதவீதம், 20 வருஷம், டியூ 33,458. "வாடகைக் காசோட கொஞ்சம் சேர்த்தா வீடு நமக்கு" என்கிறாய். புரோக்கர் சொல்லிக் கொடுத்த வசனம் என்று உன் குரலிலேயே தெரிந்தது. வட்டி அசையாமல் இருந்தாலே நீ கட்டப் போவது 80 லட்சத்து 30 ஆயிரம். வீட்டுக்கு 40, பேங்குக்கு 40, சரிபாதி. அதையே 15 வருஷமாக எடுத்தால் டியூ 38,226. மாசம் 4,768 கூட, வட்டியில் பதினொன்றரை லட்சம் குறைவு. ரெண்டாவது வண்டி வேண்டும் என்று உன் மகன் கேட்கிறான் பார், அதன் டியூவைவிட இது குறைவாகத்தான் இருக்கும்.

பழைய ஃபிளாட் என்பதால் முத்திரைத் தீர்வை 7, பதிவுக் கட்டணம் 2, ஆக 9 சதவீதம். 50 லட்சத்துக்கு நாலரை லட்சம். பேங்க் அதைக் கொடுக்காது. நகையை வைத்துக்கொள்ளலாம் என்றாய். அதாவது கடனுக்கு ஒரு வட்டி, கடன் வாங்குவதற்கு ஒரு வட்டி. ஆறு மாசம் தள்ளிப் போட்டால் என்ன குடி முழுகிவிடும்?

இன்னொன்று, கையெழுத்துப் போடும் நேரத்தில் "சார், இன்சூரன்ஸ்" என்று ஒரு தாளை நடுவில் செருகுவார்கள். எனக்கும் செருகினார்கள். கட்டாயம் என்றார்கள், கட்டாயம் இல்லை என்று பிறகுதான் தெரிந்தது. 85 ஆயிரம் பிரீமியத்தைக் கடனிலேயே சேர்த்துவிட்டார்கள். நான் வாங்கிய 25 லட்சத்தில் அந்த 85 ஆயிரத்துக்கு ஒரு செங்கல் கூட வாங்கவில்லை, ஆனால் வருஷக் கணக்கில் வட்டி கட்டுகிறேன். இன்சூரன்ஸ் வேண்டும், ரெண்டு பேருக்குமே வேண்டும். வெளியில் தனியாக, ஆள் போனால் மட்டும் குடும்பத்துக்குப் பணம் வருகிற டெர்ம் பாலிசி எடு.

வரி மிச்சம் என்று உன் மச்சினன் சொன்னானாக்கும்? அவன் சொல்கிற 2 லட்சம் கழிவு பழைய முறையில்தான். நாமே குடியிருக்கும் வீட்டுக்குப் புது முறையில் கிடையாது. கிடைத்தாலும்தான் என்ன, இருபது ரூபாய் வரி மிச்சம் பிடிக்க நூறு ரூபாய் வட்டி கட்டுவதா? அவனுக்குக் கல்யாணத்திலிருந்தே கணக்கு வராது.

ஒரு விஷயம் மட்டும் விளையாட்டில்லாமல் எழுதுகிறேன். நீ ஏன் வீடு, வீடு என்று பறக்கிறாய் என்பது எனக்குத் தெரியும். டவுன் வீட்டைக் காலி பண்ணிய அன்றைக்கு உங்கள் அப்பா திண்ணையைத் தடவிக்கொண்டு நின்றதை நானும் பார்த்தேன். அவர் வாங்கியது வேறு மாதிரிக் கடன். அந்த மாதிரி வட்டி இந்த ஊரில் எதுவரைக்கும் கொண்டு போய் விடும் என்பதை 2017-ல் கலெக்டர் ஆபீஸ் வாசலில் கந்துவட்டியால் ஒரு குடும்பமே தீக்குளித்தபோது எல்லோரும் பார்த்தோம். பேங்க் கடனை அதோடு சேர்த்துப் பேச மாட்டேன், பேசவும் கூடாது. இது யாரும் வீட்டு வாசலில் வந்து கத்தாத கடன். ஆனால் அதனாலேயே நாம் திரும்பிப் பார்ப்பதில்லை. உங்கள் அப்பாவாவது ஒவ்வொரு மாசமும் எவ்வளவு பாக்கி என்று நோட்டில் எழுதி வைத்திருந்தார். படித்தவன் என்று பெயர், நான் அதைக்கூடச் செய்யவில்லை.

வாங்காதே என்று சொல்லவில்லை. எனக்கு என் வீடு பிடித்திருக்கிறது. சாயங்காலம் அம்மா வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து, போகிற வருகிறவர்களை எல்லாம் விசாரிக்கிறாள். வாடகை வீட்டில் அவள் மெதுவாகத்தான் பேசுவாள். அதற்கு விலை போட எனக்குத் தெரியவில்லை, ஆனால் 66 லட்சம் இல்லை என்பது மட்டும் தெரியும்.

நீ சனிக்கிழமைக்குள் சாங்ஷன் லெட்டரை எல்லாப் பக்கமும் போட்டோ எடுத்து அனுப்பு. முக்கியமாக ரெப்போவுக்கு மேல் எவ்வளவு வைத்திருக்கிறார்கள் என்ற பக்கம். வட்டி இறங்கும் ஏறும், அந்த எண் லேசில் இறங்காது. மகள் கம்ப்யூட்டரில் எல்லாக் கணக்கும் போட்டு வைத்திருக்கிறாள், உன் எண்களைப் போட்டால் மாசாமாசம் வரிசையாக வந்துவிடும். அவளுக்குக் கட்டணம் உண்டாம், நீ வரும்போது பேசிக்கொள்.

வீட்டில் எல்லோரையும் கேட்டதாகச் சொல். மச்சினனிடம் மட்டும் இந்தக் கடிதத்தைக் காட்டாதே. காட்டினாலும் சரிதான்.

உன்,
ஒட்டடை