விடுதி அலமாரிக்கு என்ன வாங்குவது: கயலுக்கு அம்மா

அன்புள்ள கயலுக்கு,

இங்கே எல்லோரும் நலம். அப்பாவுக்குச் சளி விட்டுவிட்டது. அம்மாயி உன் போனை எதிர்பார்த்துக்கொண்டே இருக்கிறார்கள், ஞாயிற்றுக்கிழமை மறக்காமல் பேசிவிடு.

விடுதியில் வாசிப்பு அறை ஒதுக்கி, புத்தகம் வாங்கப் பணமும் கொடுத்து, பொறுப்பை உன்னிடம் விட்டிருக்கிறார்கள் என்று படித்ததும் அப்படி ஒரு சந்தோஷம் எனக்கு. நீ அனுப்பிய பட்டியலை ராத்திரி உட்கார்ந்து முழுசாகப் பார்த்தேன். எல்லாமே நல்ல புத்தகங்கள்தான். ஆனால் அந்தப் பட்டியலில் உன் விடுதிப் பெண்கள் யாருமே இல்லை கண்ணு. பத்தொன்பது, இருபது வயதுப் பிள்ளைகள். தர்மபுரி, ஆத்தூர், வாழப்பாடி பக்கமிருந்து வந்து, ஸ்ரீபெரும்புதூரில் ஷிப்டு முறையில் வேலை பார்க்கிறவர்கள். எட்டு மணி நேரம் நின்றுவிட்டு வந்து அறுநூறு பக்கப் புத்தகத்தைத் திறக்க யாருக்குத் தெம்பு இருக்கும்? எல்லோரும் படித்தே ஆக வேண்டிய புத்தகம் என்று ஒன்று இருப்பதாக நான் நம்பவில்லை. இந்த ஆளுக்கு, இந்த நேரத்தில், எந்தப் புத்தகம் என்பதுதான் கேள்வி.

சீர்காழியில் பிறந்த எஸ். ஆர். ரங்கநாதனைப் பற்றிச் சின்ன வயதில் உனக்குச் சொல்லியிருக்கிறேன். கணக்கு வாத்தியாராக இருந்து, 1924-ல் சென்னைப் பல்கலைக்கழக நூலகரானவர். நூலகத்துக்கென்று 1931-ல் அவர் வெளியிட்ட ஐந்து விதிகளில் இரண்டாவது, ஒவ்வொரு வாசகருக்கும் அவருக்கான நூல். மூன்றாவது, ஒவ்வொரு நூலுக்கும் அதற்கான வாசகர். நான்காவது, வாசகரின் நேரத்தை மிச்சப்படுத்து. அம்மாப்பேட்டையில் கிளை நூலகராக இருந்த காலமெல்லாம் இந்த மூன்றையும் பிடித்துக்கொண்டுதான் வேலை பார்த்தேன். நல்ல புத்தகம், மட்டமான புத்தகம் என்று அவர் விதி எதுவும் வைக்கவில்லை, கவனித்தாயா?

யாராவது வந்து நல்ல புத்தகமாக ஒன்று சொல்லுங்கள் என்றால், என்ன பிடிக்கும் என்று கேட்காதே. பாதிப் பேருக்குச் சொல்லத் தெரியாது, மீதிப் பேர் உனக்குப் பிடிக்கும் என்று நினைப்பதைச் சொல்வார்கள். கடைசியாக எதை முழுசாகப் படித்து முடித்தாய் என்று கேள். படித்தது இல்லை என்றால் கடைசியாக எதை விடாமல் பார்த்தாய் என்று கேள். அப்புறம், எப்போது படிப்பாய், எங்கே உட்கார்ந்து படிப்பாய் என்று கேள். பேச்சு கொடுத்தால் மீதியை அவர்களே சொல்லிவிடுவார்கள்.

விசைத்தறி ஓட்டுகிற ஒருவர் நம் நூலகத்துக்கு வருவார். ஓரமாக நின்று செய்தித்தாள் பார்த்துவிட்டுப் போய்விடுவார். ஒரு நாள் கேட்டேன். சின்ன வயதில் முத்து காமிக்ஸ் படித்தேன், இரும்புக்கை மாயாவி, அதோடு சரி என்றார். சிவகாசியிலிருந்து 1972-ல் வரத் தொடங்கிய காமிக்ஸ் அது. மாயாவிக்காகக் காத்திருந்த மனுஷனுக்கு வேண்டியது தப்பி ஓடுவதும் மாறுவேஷமும் ரகசியமும்தானே? பொன்னியின் செல்வன் முதல் பாகத்தை மட்டும் கொடுத்தேன். மொத்தம் ஐந்து பாகம் என்று அப்போது வாய் திறக்கவில்லை. இரண்டாம் பாகம் எங்கே என்று அவரே வந்து கேட்டார். 1950-லிருந்து 1954 வரை கல்கி பத்திரிகையில் வாராவாரம் வந்த கதை அது. அத்தியாயம் சின்னது, ஒவ்வொன்றின் முடிவிலும் ஒரு கொக்கி. தறி நிற்கிற நேரத்தில் ஒரு அத்தியாயம் முடித்துவிடலாம். செவ்வியல் நாவல் என்று பயமுறுத்தாமல் கொடுத்தால் அது தானாகவே ஓடும்.

போனில் படிக்கிற படக்கதையான வெப்டூனை ஏன் நான் மட்டமாக நினைக்கவில்லை என்பதும் இதில்தான் இருக்கிறது. உன் பெரியம்மா அதைப் பொம்மைக்கதை என்கிறாள். ஆனால் அவள்தான் வியாழக்கிழமை வந்தால் தொடர்கதைக்காகக் கடை வாசலில் நின்றவள். வெப்டூனும் வாரத் தொடர்தான். கொரியாவில் நேவர் நிறுவனம் 2004-ல் தொடங்கியது, ஆங்கிலத்தில் 2014 முதல் வருகிறது. போனில் மேலிருந்து கீழே தள்ளிக்கொண்டே போக வேண்டும் என்பதால், ஒரு படத்துக்கும் அடுத்த படத்துக்கும் நடுவில் விடுகிற வெற்றிடமே கதை சொல்கிறது. நல்ல ஓவியர்கள் அந்த இடத்தில் நம்மை மூச்சைப் பிடித்துக்கொள்ள வைக்கிறார்கள். கம்பெனி பஸ்ஸில் ஒரு கையால் கம்பியைப் பிடித்துக்கொண்டு போகிற பெண்ணுக்கு இதைவிட வசதியான வடிவம் எனக்குத் தெரியவில்லை. வசனமெல்லாம் பேச்சு ஆங்கிலம், சின்னச் சின்ன வாக்கியம். கூச்சமில்லாமல் ஆங்கிலம் பழகவும் உதவும்.

அதிலும் ஆள் பார்த்துத்தான் சொல்ல வேண்டும். சண்டையும் முன்னேற்றமும் பிடித்தவளுக்கு சோலோ லெவலிங். வேட்டைக்காரர்களிலேயே கடைசி ஆளாக இருந்தவன் படிப்படியாக மேலே வருகிற கதை. 2018-லிருந்து வெப்டூனாக வந்து முடிந்தும் விட்டது, அதனால் காத்திருக்க வேண்டியதில்லை. முகப்பருவுக்கும் நிறத்துக்கும் கேலி வாங்கி வளர்ந்த பெண் யாராவது இருந்தால் ட்ரூ பியூட்டி. தோற்றத்துக்காகக் கேலி செய்யப்பட்ட பெண் ஒப்பனை கற்றுக்கொண்டு, அந்த முகத்துக்குப் பின்னால் ஒளிந்து வாழ்கிற கதை. அதைக் கொடுத்தால் அப்படியே விட்டுவிடாதே, படித்த பிறகு அவளோடு பேசு. அழகுதான் வழி என்று அவள் எடுத்துக்கொண்டிருந்தால் பேச வேண்டியது நிறைய இருக்கும். திருட்டுத் தளங்களில் மட்டும் யாரும் படிக்க வேண்டாம் என்று சொல். முறையான செயலியிலேயே நிறைய அத்தியாயங்கள் இலவசம். வாரம் ஒரு அத்தியாயம் வண்ணத்தில் வரைந்து கொடுப்பது உடம்பை உருக்குகிற வேலை. அதற்கு உரிய காசு வரைந்தவருக்குப் போய்ச் சேர வேண்டும்.

மாங்கா என்கிற ஜப்பானியப் படக்கதை விஷயத்தில் உனக்கு நான் கடன்பட்டிருக்கிறேன். போன தீபாவளிக்கு வந்தபோது நீ விட்டுவிட்டுப் போன சில்வர் ஸ்பூன் பாகங்களை எல்லாம் படித்துவிட்டேன். எழுதி வரைந்த ஹிரோமு அரகாவா ஹொக்கைடோவில் பால்பண்ணைக் குடும்பத்தில் பிறந்தவர், அது ஒவ்வொரு பக்கத்திலும் தெரிகிறது. படிப்பு, மார்க்கு என்ற நெருக்கடியிலிருந்து தப்பி ஒரு நகரத்துப் பையன் விவசாயப் பள்ளியில் சேருகிறான். அங்கே இருக்கிற பிள்ளைகளுக்கெல்லாம் பெரியவனாகி என்ன செய்வது என்று தெரிந்திருக்கிறது, இவனுக்கு மட்டும் தெரியவில்லை. ஒரு நோஞ்சான் பன்றிக்குட்டியை வளர்க்கிறான். கடைசியில் கறியாகப் போவதுதானே என்று அதற்குச் சோற்றின் பெயரையே வைக்கிறான், பன்றிக்கறிச் சோறு. நாள் வந்ததும் அது வெட்டுக்குப் போகிறது. அந்தக் கறியை அவனே காசு கொடுத்து வாங்குகிறான்.

அந்த இடத்தில் நான் புத்தகத்தை மூடிவிட்டு ரொம்ப நேரம் உட்கார்ந்திருந்தேன். மாரியம்மன் பண்டிகைக்கு என்று ஆட்டுக்குட்டி வளர்த்த வீட்டில் பிறந்தவள் நான். அந்தக் கணக்கும் அந்த வலியும் எனக்குத் தெரியும். ஜப்பானின் வடகோடியில் ஒருத்தர் அதை இவ்வளவு நேர்மையாக, யாரையும் குற்றம் சொல்லாமல் வரைந்திருக்கிறார். உன் விடுதியில் பாதிப் பேர் வீட்டில் மாடு இருக்கும், கொஞ்சம் காடு இருக்கும். பால் விலை இறங்கினால் வீட்டில் என்ன நடக்கும் என்று அவர்களுக்குச் சொல்லித்தர வேண்டியதில்லை. கடனில் மூழ்கிப் பண்ணையை விடுகிற குடும்பமும் இந்தக் கதையில் இருக்கிறது. மாங்காவே படிக்காதவளுக்கு முதலில் இதைக் கொடு. மொத்தம் 15 பாகம், 2019-ல் முடிந்துவிட்டது.

முடிந்த தொடராகவும் சின்னத் தொடராகவும் பார்த்து வாங்கு. ஒன் பீஸ் 1997-ல் தொடங்கி நூறு பாகத்தைத் தாண்டி இன்னும் போகிறது. உன் பணம் முழுவதையும் அது ஒன்றே சாப்பிட்டுவிடும். எ சைலண்ட் வாய்ஸ் ஏழே பாகம். காது கேளாத பெண்ணைப் பள்ளியில் வதைத்த பையன், வளர்ந்த பிறகு அவளைத் தேடிப் போகிற கதை. ஏழையும் ஒரேயடியாக வாங்கி வை. மாங்கா வலமிருந்து இடமாகப் படிப்பது, அதனால் அட்டையில் ஒரு சீட்டு ஒட்டி இங்கிருந்து தொடங்கவும் என்று எழுதிவிடு. அதைச் சொல்லாததால் குழம்பி மூடி வைக்கிறவர்கள் உண்டு.

இன்னொன்று. படம் இருந்தால் குழந்தைகளுக்கு என்று நினைத்துவிடாதே. பேர்ஃபுட் ஜென் வரைந்த கெய்ஜி நகசாவா, ஹிரோஷிமாவில் குண்டு விழுந்தபோது ஆறு வயதுப் பையன். தன் குடும்பத்துக்கு நடந்ததை வைத்துத்தான் 1973-ல் அதை வரையத் தொடங்கினார். பெரியவர்களே தாங்கிக்கொண்டு படிக்க வேண்டியது அது. ராத்திரி ஷிப்டு முடிந்து தனியாகப் படுக்கிற பெண்ணிடம் சும்மா எடுத்து நீட்டாதே. அலமாரியில் இருக்கட்டும். கேட்கிறவளிடம் என்ன இருக்கிறது என்று சொல்லிவிட்டுக் கொடு.

செவ்வியல் நாவல்களில் நீ எழுதியிருந்த ரஷ்யப் பெரிய புத்தகங்களை அடுத்த வருஷத்துக்குத் தள்ளிவை. ஆர். ஷண்முகசுந்தரத்தின் நாகம்மாள் வாங்கு. 1942-ல் வந்தது, கையடக்கப் புத்தகம். கொங்குக் கிராமம், நிலத்தில் பங்கு கேட்கிற ஒரு விதவை, அண்ணன் தம்பி குடும்பத்துக்குள் முற்றுகிற பகை. பேச்செல்லாம் நம் பக்கத்துப் பேச்சு. இலக்கியம் என்றால் தஞ்சாவூர்க்காரர்கள் பேசுவது என்று நினைக்கிற பிள்ளைகளுக்கு, தன் ஊர்ப் பேச்சு அச்சில் இருப்பதைப் பார்த்தால் முகமே மாறிவிடும். நான் கண்ணால் பார்த்திருக்கிறேன். அசோகமித்திரனின் தண்ணீரும் சின்னதுதான். சென்னையில் குடத்தோடு அலைகிற ஜமுனாவின் கதை. மேட்டூர் அணையை இத்தனை பக்கத்தில் வைத்துக்கொண்டு தெருக்குழாயில் வரிசை நின்ற நம் ஊர்க்காரர்களுக்கு அதற்கு முன்னுரை தேவையில்லை.

சுயமுன்னேற்றப் புத்தகங்களைத்தான் விடுதியில் அதிகம் கேட்பார்கள், தயாராக இரு. அதைக் கேட்கிறவர்களைக் குறைவாக நினைக்காதே. வீட்டில் வழி சொல்ல ஆள் இல்லாதவர்கள் புத்தகத்திடம் வழி கேட்கிறார்கள். ஆனால் ஒரு நேரத்தில் ஒன்றுதான் கொடு. ஜேம்ஸ் கிளியரின் அட்டாமிக் ஹாபிட்ஸ் நல்ல புத்தகம். புதுப் பழக்கத்தை ஏற்கனவே இருக்கிற பழக்கத்தோடு சேர்த்துக் கட்டு, முதலில் இரண்டு நிமிஷத்துக்கு மேல் வேண்டாம் என்கிறார். அதை வாசிப்புக்கே செய்து பார்க்கச் சொல். சாயங்காலக் காபி குடித்ததும் இரண்டு பக்கம், அவ்வளவுதான். பேசத் தயங்குகிற பெண்ணுக்கு டேல் கார்னகியின் ஹவ் டு வின் ஃப்ரெண்ட்ஸ் அண்ட் இன்ஃப்ளுயன்ஸ் பீப்பிள். 1936-ல் வந்த புத்தகம், ஆனாலும் அத்தியாயத்துக்கு ஒரு பாடம் என்று பிரித்திருப்பதால் வாரம் ஒன்றாகச் செய்து பார்க்கலாம். தமிழிலேயே வேண்டும் என்றால் எம். எஸ். உதயமூர்த்தியின் எண்ணங்கள் இருக்கிறது, நம் வாழ்க்கையை அறிந்து எழுதியவர்.

ரிச் டாட் புவர் டாட் கேட்டால் கொடு, ஆனால் ஒரு வார்த்தை சொல்லிக் கொடு. அதில் வருகிற வரியும் வீட்டுக்கடனும் அமெரிக்காவுடையது. சீட்டு கட்டி, நகையை அடகு வைத்துத் தங்கை கல்யாணத்தை நடத்துகிற பெண்ணுக்கு முதலில் வேண்டியது வரவு செலவு எழுத ஒரு நோட்டும், வங்கியில் போய்ப் பேசுகிற தைரியமும். அதற்கு நீயே கூடப் போ. இதே போல ஒருத்தி ஒன்று மாற்றி ஒன்று மனஉறுதிப் புத்தகமாகவே எடுத்துக்கொண்டு போனால், அடுத்ததை நீட்டுவதற்கு முன்னால் பக்கத்தில் உட்கார்ந்து என்ன ஆச்சு என்று கேள். தூக்கமில்லை, சாப்பிட முடியவில்லை, வாழப் பிடிக்கவில்லை என்று வந்தால் டாக்டரிடம் கூட்டிப்போக வேண்டும். அங்கே புத்தகம் பின்னால்தான் வரும்.

படித்துவிட்டு நாலு வரி எழுதிக்கொடு என்று யாரையும் கேட்காதே. பாதியில் திருப்பிக் கொடுத்தால் முகம் சுளிக்காமல் வாங்கிக்கொள், எந்த இடத்தில் நின்றது என்று மட்டும் விசாரி. அடுத்த புத்தகம் எது என்று அந்தப் பதில்தான் சொல்லும். நாள் கெடுவையும் இறுக்கிப் பிடிக்காதே. நான் ஏற்காட்டில் இருந்தபோது, நவம்பர் தொடங்கிக் காபிப் பழம் பறிக்கிற சீசனில் எஸ்டேட் வீடுகளிலிருந்து ஒருத்தரும் வரமாட்டார்கள். அபராதம் என்று பயமுறுத்தியிருந்தால் சீசன் முடிந்தும் வந்திருக்க மாட்டார்கள். ஷிப்டு மாறுகிற வாரங்கள் உன் பிள்ளைகளுக்கு அப்படித்தான் இருக்கும்.

வெப்டூனை அலமாரியில் வைக்க முடியாதே என்று கேட்டிருந்தாய். சுவரில் ஒரு பலகை மாட்டு. யார் எதைப் படிக்கிறார்கள், எப்படி இருக்கிறது என்று அவர்களே எழுதட்டும். நீ சொல்வதைவிடப் பக்கத்துப் படுக்கைக்காரி சொல்வதைத்தான் சீக்கிரம் கேட்பார்கள்.

பணம் முழுவதையும் ஒரே மாதத்தில் செலவு செய்துவிடாதே. பாதிக்கு மட்டும் வாங்கு, மீதியை அவர்கள் கேட்பதற்காக வைத்திரு. நாகம்மாள், தண்ணீர் இரண்டும் என்னிடம் கூடுதலாக ஒரு பிரதி இருக்கிறது, பொன்னியின் செல்வன் முதல் பாகமும் இருக்கிறது. சனிக்கிழமை பஸ்ஸில் வருகிற நம் தெருப் பையனிடம் கொடுத்து அனுப்புகிறேன், தட்டுவடையும் வைத்திருக்கிறேன். சமையல் செய்கிற அக்கா தனக்கும் ஒரு புத்தகம் கேட்டதாக எழுதியிருந்தாயே, அவருக்கு எழுத்துக் கூட்டித்தான் படிக்க வருமா, சரளமாக வருமா, கண்ணாடி போட்டிருக்கிறாரா என்று பார். மத்தியானம் பாத்திரமெல்லாம் ஒதுங்கிய பிறகு எவ்வளவு நேரம் கிடைக்கும் என்றும் கேட்டு எழுது. அவருக்கு எதை அனுப்புவது என்று அதற்கப்புறம் சொல்கிறேன்.

அன்புடன்,
அம்மா