சந்திரியை முன்னிட்டு

அன்பு நண்பா,

உன் கடிதம் கிடைத்தது. மகளுக்கு ஒருவழியாக மாற்றல் கிடைத்ததில் இங்கே எல்லோருக்கும் சந்தோஷம். எனக்குக் கண்புரை அறுவை நல்லபடியாக முடிந்தது. பார்வை தெளிந்ததும் முதல் வேலையாக ‘சம்ஸ்காரா’ என்ற கன்னடப் படத்தை மறுபடி பார்த்தேன்.

அதில் சந்திரியாக நடித்த சினேகலதா ரெட்டியைத் ‘தியாகி’ என்று எழுதியிருந்தாய். மறுக்கவில்லை. ஆனால் தியாகி என்று மாலை போட்டுவிட்டால் அவருடைய நடிப்பைப் பற்றி யாரும் பேச வேண்டியதில்லை பார், அதுதான் எனக்கு உறுத்துகிறது.

படத்தில் நாரணப்பா செத்துக் கிடக்கிறான். ஆசாரம் கெட்டவனுக்கு யார் கொள்ளி வைப்பது என்று அக்ரகாரமே வாதாடுகிறது. அவனோடு வாழ்ந்த சந்திரி, காரியச் செலவுக்கென்று தன் நகைகளைக் கழற்றி வைக்கிறாள். அதுவரை ஒதுங்கி நின்றவர்களுக்கெல்லாம் திடீரென்று சாஸ்திரத்தில் சந்தேகம் வந்துவிடுகிறது! சினேகலதாவிடம் அங்கே ஒரு துளி மிகை இல்லை. மெட்ராஸ் பிளேயர்ஸ் நாடகக் குழுவை உருவாக்கியவர்களில் ஒருவர் அவர். மேடையில் பழகியவர் கேமராவின் முன் இத்தனை அடக்கமாக நிற்பது எளிதல்ல.

சாதிப் பகை மூளும் என்று சென்னைத் தணிக்கைக் குழு படத்தைத் தடை செய்தது. பிறகு தடை நீங்கி, 1970ஆம் ஆண்டின் சிறந்த படத்துக்கான தேசிய விருதும் கிடைத்தது. விருது கொடுத்த அதே டில்லிதான் நெருக்கடி நிலையின்போது, 1976 மே மாதம், சினேகலதாவை மிசா என்ற உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தில் பிடித்துப் போட்டது. அரசை எதிர்த்துத் தலைமறைவாக இருந்த சோஷலிஸ்ட் தலைவர் ஜார்ஜ் பெர்னாண்டஸின் நண்பர் என்பது போதுமானதாக இருந்தது. வெடிவைக்கச் சதி செய்ததாகப் பெர்னாண்டஸ் மீது போட்ட பரோடா டைனமைட் வழக்கின் இறுதிக் குற்றப்பத்திரிகையில் அவர் பெயரே இல்லை. இருந்தும் விடவில்லை, மிசாவுக்குத்தான் விசாரணையே தேவையில்லையே.

பெங்களூரு மத்தியச் சிறையில் தனிக் கொட்டடி. ஏற்கெனவே ஆஸ்துமா. இரவில் அவர் அலறும் சத்தம் கேட்டதாக அதே சிறையில் இருந்த சோஷலிஸ்ட் தலைவர் மது தண்டவதே பின்னாளில் எழுதினார். அந்த நிலையிலும் மற்றப் பெண் கைதிகளை நடத்தும் விதத்தை எதிர்த்து அவர் சண்டை போட்டிருக்கிறார். 1977 ஜனவரி 15இல் பரோலில் விட்டார்கள். 18இல் இந்திரா காந்தி தேர்தலை அறிவித்தார். 20இல் சினேகலதா இறந்துபோனார். சென்னைச் சிறையில் அடிபட்ட தி.மு.க.வின் சிட்டிபாபுவை நாம் இழந்ததும் அதே மாதம்தான்.

அப்போது சினேகலதாவுக்கு நாற்பதுகளின் நடுவயது. ‘சம்ஸ்காரா’ திறந்துவிட்ட வழியில் கன்னடப் படங்கள் வரிசையாக வந்துகொண்டிருந்தன. அந்த 1977இல்தான் ‘கடஷ்ராத்தா’வும் வந்து தேசிய விருது வாங்கியது. அந்த வயதுப் பெண்ணுக்கு எத்தனை பாத்திரங்கள் காத்திருந்திருக்கும்! எனக்கு ஆறாதது அதுதான்.

அவருடைய சிறைக் குறிப்புகள் உன்னிடம் இருப்பதாகச் சொன்னாயே, பிரதி எடுத்து அனுப்பு. பழைய புத்தகம், பிரித்து வைத்து அழுத்தாதே, தையல் விட்டுவிடும். வீட்டில் எல்லோரையும் கேட்டதாகச் சொல்.

உன்,
பழைய சிநேகிதன்