இரண்டு நாடு, நடுவில் சுவர் இல்லாமல்

அன்புள்ள முத்து,

பதில் போடாததற்குத் திட்டித் தீர்த்துக்கொள். அம்மாவுக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது. பையன் இன்னும் வேலை தேடிக்கொண்டிருக்கிறான். சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

இஸ்ரேல், பாலஸ்தீனம் என்று இரண்டு நாடு அமைவதெல்லாம் செத்துப்போன பேச்சு என்று எழுதியிருந்தாய். நீ எப்போதுமே இப்படித்தான். கேரம் போர்டில் ஸ்ட்ரைக்கர் குழியில் விழுந்ததுமே ஆட்டத்தைக் கலைக்கிற ஆள். 1993ல் இஸ்ரேல் பிரதமர் ராபினும் பாலஸ்தீனத் தலைவர் அரஃபாத்தும் சமாதான ஒப்பந்தம் போட்டுக் கைகுலுக்கிய படத்தை விடுதிச் சுவரில் ஒட்டியது யார்? சண்முகத்தைக் கேள்.

அந்த ஆஸ்லோ ஒப்பந்தத்தில் ஜெருசலேம், அகதிகள், 1967 போரில் இஸ்ரேல் பிடித்த இடங்களில் யூதர்கள் அமைத்த குடியேற்றங்கள், எல்லை எல்லாவற்றையும் அப்புறம் பேசிக்கொள்ளலாம் என்று தள்ளிவைத்தார்கள். அதற்குள் பாலஸ்தீன ஆயுத இயக்கமான ஹமாஸ் பஸ்களில் குண்டு வைத்தது. 1995ல் ராபினை ஒரு யூதனே சுட்டுக் கொன்றான். குடியேற்றங்களோ நிற்கவே இல்லை. அன்று மேற்குக் கரையில் சுமார் ஒரு லட்சம் குடியேறிகள். இன்று கிழக்கு ஜெருசலேமைச் சேர்க்காமலே ஐந்து லட்சம். அத்தனை பேரையும் கிளப்ப எந்த அரசுக்குத் துணிச்சல் வரும்? இதுவரை நான் உன் கட்சிதான்.

ஆனால் 'எல்லோருக்குமான நாடு' என்று ஒரு இயக்கம் இருக்கிறது. யூதர்களும் பாலஸ்தீனர்களும் சேர்ந்தே நடத்துகிறார்கள். 1967 போருக்கு முந்தைய எல்லைப்படி இரண்டு நாடு, ஆனால் போக்குவரத்துக்குத் தடை கிடையாது. பாலஸ்தீனத்து ரமல்லாக்காரர் இஸ்ரேலின் ஹைஃபாவில் குடியிருக்கலாம், நாடாளுமன்றத்துக்கு ஓட்டு மட்டும் பாலஸ்தீனத்தில். குடியேறியவர் பாலஸ்தீனச் சட்டத்துக்குக் கட்டுப்பட்டு அங்கேயே இருக்கலாம், ஓட்டு இஸ்ரேலில். ஜெருசலேம் இருவருக்கும் பொது. யாரையும் மூட்டை கட்டச் சொல்லவில்லை பார், அங்கேதான் நான் விழுந்துவிட்டேன்.

காசா மண்மேடாகக் கிடக்கும்போது இதென்ன கனவு என்று சிரிப்பாய். விவியன் சில்வர் என்று ஒரு அம்மாள், காசா எல்லையோரம் பேரி என்ற கிபுட்ஸில் (கூட்டாக வாழும் கிராமம்) இருந்த இஸ்ரேல்காரர். காசா நோயாளிகளைக் காரில் ஏற்றி இஸ்ரேல் ஆஸ்பத்திரிகளுக்குக் கொண்டுபோனவர். 2023 அக்டோபர் 7ல் ஹமாஸ் நடத்திய தாக்குதலில் அவரையும் கொன்றுவிட்டார்கள். அவர் மகன் பழிவாங்கச் சொல்லவில்லை; பார்த்த வேலையை விட்டுவிட்டுச் சமாதானப் பணிக்கு வந்துவிட்டார். எனக்கு அந்த மனசு வருமா, தெரியவில்லை முத்து.

இத்திட்டத்தில் எனக்குப் பிடிபடாதது ஒன்றுதான். ஒரு குடியேறி பாலஸ்தீனரின் ஒலிவ மரத்தை வெட்டினால் எந்தப் போலீஸ் பிடிக்கும், எந்தக் கோர்ட் விசாரிக்கும்? இன்று ராணுவம் பக்கத்தில் நின்று வேடிக்கை பார்ப்பதாகத்தான் அங்கே புகார். நீ வக்கீல், யோசித்து எழுது. பொங்கலுக்கு வருகிறேன், சண்முகத்தின் பாக்கியைப் பற்றி மட்டும் வாயைத் திறக்காதே.

அன்புடன்,
ராஜு